பாட்டு ஒருவர் கையில், படம் ஒருவர் கையில்: லெஸ் பிளாங்கும் நாற்பது ஆண்டு பூட்டிக் கிடந்த ஆவணப்படமும்

1960களின் பிற்பகுதி. அமெரிக்கக் கறுப்பின மக்களின் இசையான ப்ளூஸ் பாடும் லைட்னிங் ஹாப்கின்ஸைப் படம் பிடிக்க டெக்சாஸுக்குப் போயிருந்தார் அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் லெஸ் பிளாங்க். பேசியபடி ஹாப்கின்ஸ் உட்கார்ந்து வரிசையாகப் பாடினார். முடிந்ததும் கிட்டாரை வைத்துவிட்டு, வந்த வேலை முடிந்தது, கிளம்பலாம் என்று சொல்லிவிட்டார். அவரைப் பொறுத்தவரை அதில் தப்பே இல்லை. பாட்டு கேட்டார்கள், பாடிக் கொடுத்தாயிற்று. அதற்குமேல் ஒரு கேமராக்காரருக்கு இங்கே என்ன வேலை?

பிளாங்குக்கு வேண்டியதெல்லாம் அதற்குமேல்தான் இருந்தது. ஹாப்கின்ஸுக்குச் சீட்டாட்டம் உயிர் என்று தெரிந்ததும் அந்த ஆட்டத்துக்கு உட்கார்ந்தார். தோற்றார், பணத்தை இழந்தார், மறுபடி ஆடினார், மறுபடி தோற்றார். தோற்றுக்கொண்டே இருக்கும் ஆளை யார் விரட்டுவார்கள்? இருந்துவிட்டுப் போகட்டும் என்று ஹாப்கின்ஸ் விட்டுவிட்டார். அரை மணி நேரத்துக்குச் சற்றே கூடுதலாக ஓடும் அந்தப் படத்தில், பாட்டுக்குச் சமமாக அவர் பிறந்து வளர்ந்த சென்டர்வில் ஊரும், அங்கே இருக்கும் மனிதர்களும், அவர்கள் சாப்பாடும் சிரிப்பும் இருப்பதற்கு அந்தச் சீட்டுக்கட்டுதான் காரணம்.

இசைக்கலைஞர்களைப் பற்றித் தனியாளாக நின்று ஆவணப்படம் எடுக்கும் ஓர் இயக்குநரிடம் உண்மையில் என்ன இருக்கிறது என்று யோசிக்கும்போதெல்லாம் எனக்கு இந்தச் சீட்டாட்டம்தான் நினைவுக்கு வரும். பணம் இல்லை, நிறுவனம் இல்லை, விளம்பர பலம் இல்லை. நேரம் இருக்கிறது. போகச் சொன்ன பிறகும் கொஞ்சம் இருந்து பார்க்கும் பொறுமை இருக்கிறது. அதை வைத்துக்கொண்டு பெரிய ஸ்டூடியோக்களால் எடுக்க முடியாத படத்தை அவரால் எடுத்துவிட முடியும். ஆனால் எடுத்ததை வெளியே காட்ட முடியுமா என்பது வேறு கதை. அது பொறுமையால் தீராது. காகிதத்தால்தான் தீரும். பிளாங்கின் வாழ்க்கையில் இந்த இரண்டும் முழுசாக நடந்திருக்கின்றன. அதனால்தான் அவரைப் பிடித்துக்கொண்டு இதை விளக்கலாம் என்று தோன்றியது.

பிளாங்க் 1935இல் புளோரிடா மாநிலத்தின் டாம்பாவில் பிறந்தவர். ஆங்கில இலக்கியமும் நாடகமும் படித்துவிட்டு, அப்புறம் தெற்குக் கலிபோர்னியா பல்கலைக்கழகத்தில் சினிமாவுக்குள் வந்தார். ஆரம்பத்தில் கம்பெனிகளுக்கு விளம்பரப் படமும் தொழில்துறைப் படமும் எடுத்து வயிற்றைப் பார்த்துக்கொண்டார். அதில் மிஞ்சிய காசும் நேரமும்தான் முதல் சில சொந்தப் படங்களுக்கு மூலதனம். 1967இல் ஃப்ளவர் ஃபிலிம்ஸ் என்று சொந்தமாக ஒரு சிறு நிறுவனம் தொடங்கினார். 2013இல் இறக்கும்வரை நாற்பதுக்கும் மேற்பட்ட படங்கள் எடுத்தார். இயக்குநர் வெர்னர் ஹெர்ட்சாக் அமேசான் காட்டில் படமெடுக்கப் படும் அவதியைப் பற்றிய 1982ஆம் ஆண்டுப் படம்தான் உலகம் முழுக்க அவர் பெயரைச் சொன்னது. ஆனால் அவர் திரும்பத் திரும்பப் போய் நின்ற இடம் பாட்டுக்காரர்களின் வீட்டு வாசல்.

அந்தப் படங்களில் விளக்கம் சொல்லும் பின்னணிக் குரல் பெரும்பாலும் இருக்காது. நிபுணர்கள் வரிசையாக உட்கார்ந்து இவர் எவ்வளவு பெரிய கலைஞர் என்று சான்றிதழ் கொடுக்க மாட்டார்கள். பாட்டு ஓடும். பாடுகிறவரின் முகத்திலிருந்து கேமரா நகர்ந்து, கேட்டுக்கொண்டிருக்கும் பாட்டியின் கைக்குப் போகும். அங்கிருந்து அடுப்புக்குப் போகும், வயலுக்குப் போகும். மான்ஸ் லிப்ஸ்கோம் என்ற பாடகரைப் பற்றி 1971இல் ஒரு படம் எடுத்தார். லிப்ஸ்கோம் டெக்சாஸின் நவசோட்டா பக்கத்தில் வாழ்நாளெல்லாம் குத்தகை வயலில் உழைத்தவர். அவர் குரல் முதன்முதலாகப் பதிவானதே 1960இல், 65 வயதில். அவர் பாட்டைக் கேட்க வேண்டுமானால் அவர் நடந்த மண்ணையும் சேர்த்துப் பார்த்தாக வேண்டும் என்பது பிளாங்கின் கட்சி. சரியான கட்சிதான்.

1976இல் டெக்சாஸ், மெக்சிகோ எல்லை மக்களின் இசையைப் பற்றி எடுத்த ‘சூலாஸ் ஃப்ரொன்டேராஸ்’ படத்தில் நார்சிசோ மார்ட்டினெஸ் வருகிறார். அந்தப் பகுதியின் அக்கார்டியன் இசைக்குத் தந்தை என்று கொண்டாடப்படுகிறவர். இசைத்தட்டுகள் எத்தனையோ விற்றன. அவரோ வயலிலும் லாரியிலும் உழைத்துவிட்டு, பின்னாளில் பிரவுன்ஸ்வில் மிருகக்காட்சிசாலையில் வேலை பார்த்தார். ஒரு இசையையே தொடங்கி வைத்த கைகள் விலங்குகளுக்குத் தீனி வைத்துக்கொண்டிருந்தன. இதற்கு மேல் என்ன வர்ணனை வேண்டும்? 1993இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் இந்தப் படத்தைப் பாதுகாக்க வேண்டிய தேசியப் படங்களின் பட்டியலில் சேர்த்தது.

இந்தப் படத்தை பிளாங்க் தனியாக எடுக்கவில்லை. கிறிஸ் ஸ்ட்ராக்விட்ஸ் என்பவரோடு சேர்ந்து எடுத்தார். ஜெர்மனியிலிருந்து பதின்ம வயதில் அமெரிக்கா வந்து, 1960இல் ஆர்ஹூலி என்ற இசைத்தட்டு நிறுவனத்தைத் தொடங்கியவர் ஸ்ட்ராக்விட்ஸ். லிப்ஸ்கோமை 65 வயதில் பதிவு செய்து, நிறுவனத்தின் முதல் இசைத்தட்டாக வெளியிட்டவரும் அவர்தான். கலிபோர்னியாவின் எல் செரிட்டோவில் ஒரு கட்டடம் வாங்கினார். கீழே இசைத்தட்டுக் கடை, அதே கட்டடத்தில் பிளாங்கின் ஃப்ளவர் ஃபிலிம்ஸ். வருமானம் நிலையில்லாத ஒரு சின்ன நிறுவனத்துக்குக் கட்டடம் வாங்கப் பணம் எங்கிருந்து வந்தது? இந்தக் கட்டுரையின் முடிச்சே அதில்தான் இருக்கிறது.

1965இல் கன்ட்ரி ஜோ என்ற பாடகர் பெர்க்லியில் இருந்த ஸ்ட்ராக்விட்ஸின் வீட்டு வரவேற்பறைக்கு நண்பர்களோடு வந்து, வியட்நாம் போரைக் கிண்டலடிக்கும் ஒரு பாட்டைப் பதிவு செய்துகொண்டு போனார். ஸ்ட்ராக்விட்ஸ் கூலி எதுவும் வாங்கவில்லை. பாட்டின் பதிப்புரிமையில் ஒரு பங்கு மட்டும் கேட்டார். 1969இல் உட்ஸ்டாக் இசை விழாவில் கன்ட்ரி ஜோ அதே பாட்டைப் பாட, அடுத்த ஆண்டு அந்த விழாவைப் பற்றிய படம் உலகமெங்கும் ஓடியது. ராயல்டி காசோலை வந்தது. கட்டடத்துக்கு முன்பணம் கட்டியது அந்தக் காசில்தான்.

ஒரு பாட்டு ஒரு படத்துக்குள் நுழைந்ததால் வந்த பணத்தில் எழுந்த கூரைக்குக் கீழே பிளாங்க் படம் தொகுத்தார். அதே பாட்டுரிமைதான் பின்னால் அவர் படம் ஒன்றின் வாயையும் கட்டிப்போட்டது.

இந்த உரிமை எப்படி வேலை செய்கிறது என்று கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். ஒரு பாட்டைக் கேட்கும்போது நமக்கு அது ஒன்று. சட்டத்துக்கு அது இரண்டு. வரியும் மெட்டும் ஒரு சொத்து. அது எழுதியவருக்கோ, அவரிடமிருந்து வாங்கிய பதிப்பாளருக்கோ சொந்தம். அந்தப் பாட்டை ஒரு நாள் ஒரு ஸ்டூடியோவில் ஒருவர் பாடிப் பதிவு செய்தார் அல்லவா, அந்தப் பதிவு இன்னொரு சொத்து. அது பெரும்பாலும் இசைத்தட்டு நிறுவனத்திடம் இருக்கும். ஆவணப்படத்தில் இசைத்தட்டை ஓடவிட்டால் இரண்டு கதவையும் தட்ட வேண்டும். பாடகர் கேமரா முன் நேராகப் பாடினால் பழைய பதிவின் சொந்தக்காரரிடம் போக வேண்டியதில்லை. ஆனால் பாடுகிறவரிடம் கையெழுத்து வேண்டும், பாட்டை எழுதியவர் தரப்பிடமும் உரிமம் வேண்டும். பல பாட்டுகளை இரண்டு மூன்று பேர் சேர்ந்து எழுதியிருப்பார்கள், அவர்களின் பதிப்பாளர்கள் வேறு வேறாக இருப்பார்கள். அத்தனை பேரும் சம்மதிக்க வேண்டும்.

அமெரிக்கச் சட்டத்தில் இதற்கு ஒரு வினோதமான மறுபக்கம் உண்டு. ஒருமுறை வெளியாகிவிட்ட பாட்டை வேறொரு பாடகர் தன் குரலில் பாடி இசைத்தட்டு போட யாரிடமும் கெஞ்ச வேண்டாம். சட்டம் நிர்ணயித்த கட்டணத்தைக் கட்டினால் போதும், எழுதியவரே மறுக்க முடியாது. 1909இலிருந்து இதுதான் ஏற்பாடு. ஆனால் அதே பாட்டை நகரும் படத்தோடு இணைத்துவிட்டால் அந்தச் சலுகை கிடையாது. சொந்தக்காரர் எவ்வளவு வேண்டுமானாலும் கேட்கலாம். காரணம் சொல்லாமல் முடியாது என்றும் சொல்லலாம். சிலர் பதிலே எழுத மாட்டார்கள். பதில் வராத கடிதம்தான் இந்தத் துறையில் ஆளைக் கொல்வது, ஏனென்றால் மறுப்பாவது ஒரு முடிவு.

விலையிலும் ஒரு கண்ணி உண்டு. பெரிய நிறுவனங்கள் உரிமம் கொடுக்கும்போது, படத்தில் வேறு எந்தப் பாட்டுக்காவது எங்களைவிட அதிகம் கொடுத்தால் எங்களுக்கும் அதே தொகை வேண்டும் என்று ஒரு வரி சேர்ப்பார்கள். பதினைந்து பாட்டு உள்ள படத்தில் பதினான்கு பேர் குறைந்த தொகைக்குச் சம்மதித்திருப்பார்கள். கடைசியாக வருகிறவர் இரண்டு மடங்கு கேட்டால் ஏறுவது அவர் பங்கு மட்டும் இல்லை, பதினைந்தும் ஏறும். இதற்குப் பயந்தே பல இயக்குநர்கள் திரைப்பட விழாக்களுக்கு மட்டும் செல்லும் மலிவான உரிமத்தை முதலில் வாங்கிக்கொள்கிறார்கள். விழாவில் கைதட்டல் கிடைத்து, வாங்க ஆள் வந்தால் மீதியைப் பார்த்துக்கொள்ளலாம் என்ற கணக்கு. ஆள் வராவிட்டால் அந்த உரிமம் காலாவதியாகிவிடும். படம் அலமாரிக்குப் போய்விடும்.

நியாயமான பயன்பாடு என்று ஒரு விதிவிலக்கு அமெரிக்காவில் இருக்கிறதே என்று கேட்கலாம். இருக்கிறது. விமர்சனத்துக்காக, ஒரு கருத்தை நிறுவுவதற்காகத் தேவையான அளவு மட்டும் எடுத்துக்கொண்டால் அனுமதி தேவையில்லை. ஆனால் தொலைக்காட்சியும் விநியோகஸ்தரும் வழக்கு வந்தால் காப்பாற்றும் காப்பீடு இல்லாமல் படத்தைத் தொடமாட்டார்கள். காப்பீட்டு நிறுவனங்கள் இந்த விதிவிலக்கை நம்பி நெடுநாள் காப்பீடு கொடுக்கவில்லை. 2005இல் ஆவணப்பட இயக்குநர்களின் அமைப்புகள் கூடி, எது நியாயம் எது அத்துமீறல் என்று தங்களுக்குள் ஒரு நடைமுறை எழுதிய பிறகுதான் அந்த இறுக்கம் தளர்ந்தது. அப்போதும் ஒரு முழுப் பாட்டுக் காட்சியை அதற்குள் அடக்குவது கஷ்டம். பாடகரைப் பற்றிய படத்தில் முழுசாக ஒரு பாட்டுகூட இல்லையென்றால் அது என்ன படம்?

பிளாங்குக்கு வருவோம். 1972இல் ராக் பாடகர் லியோன் ரஸ்ஸல் புகழின் உச்சியில் இருந்தார். பியானோவில் உட்கார்ந்தால் அரங்கமே எழுந்து நிற்கும். ரஸ்ஸலும் அவருடைய கூட்டாளியான தயாரிப்பாளர் டென்னி கார்டெலும் ரஸ்ஸலைப் பற்றிப் படம் எடுக்க பிளாங்கை அழைத்தார்கள். செலவு அவர்களுடையது. கைக்காசைப் போட்டுப் படம் எடுத்துக்கொண்டிருந்தவருக்கு இது எவ்வளவு பெரிய ஆறுதலாக இருந்திருக்கும் என்று நினைத்துப் பார்க்கிறேன். ஓக்லஹோமாவில் ஓர் ஏரிக்கரையில் ரஸ்ஸல் ஸ்டூடியோ கட்டிக்கொண்டிருந்தார். பிளாங்கும், ஒலிப்பதிவும் எடிட்டிங்கும் பார்த்த மொரீன் கோஸ்லிங்கும் அங்கேயே போய்த் தங்கினார்கள். 1974 வரை படப்பிடிப்பு நீண்டது.

ரஸ்ஸல் பாடினார், பிளாங்க் படம் பிடித்தார். வழக்கம்போல அதற்குமேலும் பிடித்தார். ஓவியர் ஒருவர் காலியான நீச்சல் குளத்துக்குள் இறங்கி, அங்கே கிடந்த தேள்களை அப்புறப்படுத்திவிட்டுத் தரையெல்லாம் படம் வரைகிறார். ஒரு பாம்பு கோழிக்குஞ்சு ஒன்றை மெல்ல மெல்ல விழுங்குகிறது. ஊர்க்காரர்கள் மீன் பிடிக்கிறார்கள், ஏதேதோ பேசுகிறார்கள். பாடகர்கள் ஜார்ஜ் ஜோன்ஸும் வில்லி நெல்சனும் வந்து பாடுகிறார்கள். ‘ஏ போயம் இஸ் எ நேக்கட் பெர்சன்’ என்று பெயரிட்ட இந்தப் படம் தயாரானதும் ரஸ்ஸலுக்குப் பிடிக்கவில்லை. வெளியிடச் சம்மதிக்கவில்லை. பாட்டு உரிமைகளின் சிக்கலும் கூடவே இருந்தது. படத்தில் எத்தனை விருந்தினர் பாடுகிறார்களோ அத்தனை கையெழுத்து வேண்டுமே. சில ஆண்டுகளில் ரஸ்ஸலும் கார்டெலும் பிரிந்தார்கள். படம் நடுவில் மாட்டிக்கொண்டது.

ரஸ்ஸலுக்கு ஏன் பிடிக்கவில்லை? என் கணிப்பு இது. காசு கொடுத்து வரவழைத்தவர் தன் முகம் பார்க்கும் கண்ணாடியை எதிர்பார்த்திருப்பார். பிளாங்க் கொடுத்தது ஜன்னல். அதில் ரஸ்ஸல் தெரிகிறார், கூடவே ஏரியும் பாம்பும் பக்கத்து வீட்டுக்காரரும் தெரிகிறார்கள். ஹாப்கின்ஸ் படத்தில் எது பிளாங்கின் பலமோ அதுவே இங்கே வினையாகிவிட்டது. வித்தியாசம் ஒன்றுதான். ஹாப்கின்ஸ் படத்தின் சாவி பிளாங்கிடம் இருந்தது. இதன் சாவி ரஸ்ஸலிடம் இருந்தது. இதற்காக ரஸ்ஸலை வில்லனாக்க எனக்கு மனமில்லை. தன் முப்பதாவது வயதைப் பிறர் தொகுத்துக் காட்டும்போது கூசாத மனிதர் யார்?

கடைசியில் ஒரே ஒரு இடைவழி மட்டும் திறந்திருந்தது. லாப நோக்கமில்லாத அரங்கமாக இருக்க வேண்டும், பிளாங்க் நேரில் வந்திருக்க வேண்டும். அப்படியானால் காட்டலாம். நாற்பது ஆண்டு காலம் அவர் 16 மி.மீ. பிரிண்டைத் தூக்கிக்கொண்டு போய் ஒவ்வோர் அரங்காகக் காட்டிவந்தார். பிரிண்டைக் கையோடு கொண்டுபோவது அவருக்குப் புதிதில்லை. கல்லூரிகளுக்கும் நூலகங்களுக்கும் படச்சுருளை வாடகைக்கு அனுப்பியும், திரையிடல்களில் சட்டை விற்றும்தான் ஃப்ளவர் ஃபிலிம்ஸ் பிழைத்தது. பூண்டைப் பற்றி அவர் எடுத்த படம் ஓடும்போது அரங்கின் பின்னால் நிஜமாகவே பூண்டை வாட்டி வாசனை பரப்புவார். ஆனால் மற்ற படங்களை அவர் விரும்பித் தூக்கிப் போனார். இது மட்டும் அவர் கூடவே போனால்தான் ஓடும் என்ற நிலைமை.

இப்படி மாட்டியது அவர் ஒருவர் மட்டுமில்லை. அதே 1972இல் புகைப்படக் கலைஞர் ராபர்ட் ஃப்ராங்க், ரோலிங் ஸ்டோன்ஸ் இசைக்குழுவின் அமெரிக்கப் பயணத்தை அவர்கள் அழைப்பின் பேரிலேயே படம் பிடித்தார். பார்த்த குழுவினர் பயந்து நீதிமன்றம் போனார்கள். அங்கேயும் தீர்ப்பு ஏறத்தாழ இதே மாதிரி: ஆண்டுக்கு ஒருசில முறை, ஃப்ராங்க் நேரில் இருந்தால் காட்டலாம்.

பாடகி அரீதா ஃப்ராங்க்லினின் கதையில் முதலில் குறுக்கே நின்றது கையெழுத்து இல்லை, கிளாப் போர்டு. 1972 ஜனவரியில் லாஸ் ஏஞ்சலிஸ் தேவாலயம் ஒன்றில் இரண்டு இரவு அவர் பாடியதை இயக்குநர் சிட்னி போலாக்கின் குழு நான்கைந்து கேமராக்களில் பதிவு செய்தது. படமும் ஒலியும் தனித்தனிக் கருவிகளில் பதிவாகும் காலம் அது. ஒவ்வொரு முறை கேமரா ஓடத் தொடங்கும்போதும் பலகையை டக்கென்று தட்டினால், அந்தச் சத்தத்தையும் பலகை மூடும் படத்தையும் ஒன்றாக வைத்துப் பிறகு இணைத்துக்கொள்ளலாம். அந்த இரண்டு இரவும் யாரும் தட்டவில்லை. விளைவு, மணிக்கணக்கான படச்சுருள் ஒரு பக்கம், ஒலிநாடா இன்னொரு பக்கம். உதட்டசைவைப் படிக்கத் தெரிந்தவர்களை வைத்துப் பார்த்தும் பொருந்தவில்லை. இசைத்தட்டு அதே ஆண்டு வெளியாகிப் பெரும் வெற்றி பெற்றது, படம் கிடப்பில் போனது. 2007இல் ஆலன் எலியட் என்பவர் சுருளை வாங்கி, கணினியில் ஒத்திசைத்துவிட்டார். எடிட்டிங் சிக்கல் தீர்ந்தது, சட்டச் சிக்கல் தொடங்கியது. அரீதா வழக்குப் போட்டு, விழாத் திரையிடல்களையே நிறுத்தினார். 2018இல் அவர் காலமான பிறகு, குடும்பத்தின் சம்மதத்தோடுதான் படம் திரைக்கு வந்தது.

இன்றைய நிலைமை இன்னும் தீவிரமாகியிருக்கிறது. இசைக்கலைஞர் ஆவணப்படங்களை ஸ்ட்ரீமிங் தளங்கள் நல்ல விலைக்கு வாங்குகின்றன. அதனாலேயே கலைஞர்களும் அவர்கள் வாரிசுகளும் தாங்களே தயாரிப்பாளர்களாகி விடுகிறார்கள். பாட்டு அவர்களிடம், பழைய வீடியோ அவர்களிடம், இறுதி வார்த்தையும் அவர்களிடம். பாடகர் பிரின்ஸைப் பற்றி எஸ்ரா எடல்மன் பல ஆண்டு உழைத்து எடுத்த ஒன்பது மணி நேரப் படம் வெளிவராது என்று 2025 பிப்ரவரியில் நெட்ஃபிளிக்ஸும் பிரின்ஸின் சொத்து நிர்வாகமும் அறிவித்தன. நிர்வாகம் சொந்தமாக வேறொரு படம் எடுக்கப்போகிறதாம். எடல்மன் ஆஸ்கர் வாங்கியவர், பின்னால் உலகின் மிகப் பெரிய தளம் இருந்தது. அவருக்கே இந்த கதி என்றால், ஒற்றைக் கேமராவோடு ஒரு பாடகரின் பின்னால் ஐந்தாறு வருடம் அலையும் ஆளின் நிலையை யோசித்துக்கொள்ளலாம்.

உரிமை கேட்பதே தவறு என்று நான் சொல்ல வரவில்லை. ரோலிங் ஸ்டோன்ஸ் தங்கள் 1971 இசைத்தட்டில் பாடிய ஒரு பாட்டுக்காக, மிசிசிப்பி கிராமத்து ப்ளூஸ் பாடகர் ஃப்ரெட் மெக்டவலுக்குச் சேர வேண்டிய ராயல்டியை விடாப்பிடியாக நின்று வாங்கிக் கொடுத்தவர் அதே ஸ்ட்ராக்விட்ஸ்தான். மெக்டவல் உயிரோடு இருக்கும்போதே அந்தக் காசோலை அவர் கைக்குப் போனது. அந்த உரிமைச் சட்டம் இல்லையென்றால் அந்தக் காசும் இல்லை. ஏழைப் பாடகனைக் காப்பாற்றும் அதே பூட்டு அவனைப் பற்றிய படத்தையும் பூட்டிவிடுகிறது. படம் எடுக்கப் போகும் இளையவர்கள் யாராவது கேட்டால் ஒன்றைத்தான் சொல்வேன்: முதல் நாளே, உறவு இனிக்கும்போதே, கையெழுத்தை வாங்குங்கள். படத்தின் இறுதி வடிவம் யார் பொறுப்பு என்பதை எழுத்தில் வையுங்கள். அதற்கப்புறம் உட்கார்ந்து சீட்டாடலாம்.

லெஸ் பிளாங்க் 2013 ஏப்ரல் 7 அன்று கலிபோர்னியாவில் காலமானார். நேரில் இருந்தால் மட்டுமே ஓடலாம் என்று விதிக்கப்பட்ட படத்துக்கு இனி நேரில் வர ஆள் இல்லை. அவர் மகன் ஹாரட் பிளாங்க், அவரும் ஆவணப்பட இயக்குநர், ரஸ்ஸலோடு பேசத் தொடங்கினார். பழைய மனத்தாங்கல் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைந்தது, பாட்டு உரிமைகள் ஒவ்வொன்றாகத் தீர்ந்தன, பிரிண்ட் புதுப்பிக்கப்பட்டது. 2015 மார்ச்சில் டெக்சாஸின் ஆஸ்டின் நகரில் நடந்த விழாவிலும் ஜூலையில் திரையரங்குகளிலும் படம் ஓடியது. படத்தில் முப்பது வயது இளைஞராகப் பியானோவை உலுக்கும் ரஸ்ஸலுக்கு அப்போது வயது 73. அடுத்த ஆண்டு நவம்பரில் அவரும் போய்விட்டார்.